கூரை இல்லாத கட்டடங்கள்: கிரேக்க, ரோமானியத் திறந்தவெளிகள் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கிரேக்க, ரோமானியக் கட்டடக்கலை என்று பேச்செடுத்தாலே கூரையைப் பற்றிய கேள்விகள்தான் முதலில் வருகின்றன. திரும்பத் திரும்பக் கேட்கப்பட்டவற்றை, கேட்டவர்களின் சொற்களிலேயே இங்கே தொகுத்திருக்கிறோம். எளியவை முன்னால், சிக்கலானவை பின்னால். ஒரு பதிலில் சொன்னதை அடுத்ததில் மறுபடி சொல்லவில்லை. வரிசையாகப் படித்தால் நல்லது.

போட்டோவில் பார்க்கிற கிரேக்கக் கோயில் எதற்குமே கூரை இல்லையே, அப்படித்தான் கட்டினார்களா?

இல்லை. ஏறக்குறைய எல்லாவற்றுக்கும் கூரை இருந்தது. தூணும் சுவரும் கல், கூரைச் சட்டம் மரம், அதன்மேல் சுட்ட மண் ஓடு அல்லது பளிங்கு ஓடு. மரம்தான் முதலில் போகும்: தீ, உளுப்பு, நிலநடுக்கம் எது வந்தாலும் சட்டம் சரிந்து ஓடு நொறுங்கிவிடும். ஏதென்ஸின் பார்த்தெனான் கோயிலின் முதல் கூரை பழங்காலத்திலேயே தீயில் அழிந்தது. பிறகு வேறு கூரை போட்டு, தேவாலயமாகவும் மசூதியாகவும் பயன்படுத்தினார்கள். 1687 செப்டம்பர் 26 அன்று வெனிஸ் படையின் குண்டு உள்ளே சேமித்திருந்த ஒட்டோமன் வெடிமருந்தில் விழுந்தது. இன்று நாம் பார்க்கும் திறந்த நிலைக்கு அந்த வெடிப்புதான் முக்கியக் காரணம்.

போட்டோவிலேயே ஒரு சாட்சி இருக்கிறது. முகப்பில் தூண்களுக்கு மேல் நிற்கும் முக்கோணச் சுவரைப் பாருங்கள். இருபுறமும் சரியும் கூரையின் முனையை மூடுவதற்காகவே எழுப்பிய சுவர் அது. முக்கோணம் இருந்தால் கூரைக்குத் திட்டம் இருந்தது என்று பொருள். இதைப் பின்னால் செகெஸ்டா கோயிலைப் பற்றிச் சொல்லும்போது பயன்படுத்துவோம்.

அப்படியானால் வேண்டுமென்றே கூரை இல்லாமல் விட்டவை எவை?

நிறைய உண்டு. பலிபீடம், நாடக அரங்கு, அகோரா என்ற கிரேக்க நகரச் சதுக்கம், ஃபோரம் என்ற ரோமானியச் சதுக்கம், உடற்பயிற்சிக் களம், வீட்டு முற்றம், தூண்வரிசை சூழ்ந்த தோட்டம், புனித மரங்கள் நின்ற சுற்றுமதில். ஒலிம்பியாவில் பெலோப்ஸ் என்ற வீரனுக்கான பெலோப்பியன் ஒரு மதிலும் உள்ளே மரங்களும் சிலைகளுமாகவே இருந்தது. கோயில்களில் மட்டும்தான் திறந்த வகை அபூர்வம்.

கூரை இல்லாத ஒரு கட்டடத்தைக் கண்டால் மூன்றில் ஒன்றாக இருக்கும்: இடிந்து போனது, கட்டி முடிக்காமல் நின்றது, திட்டமிட்டே திறந்து விட்டது. பெரும்பாலான குழப்பம் இந்த மூன்றையும் கலப்பதால் வருகிறது. பிரித்தறிய நாங்கள் முதலில் கேட்கும் கேள்வி ஒன்றுதான்: மழை பெய்தால் தண்ணீர் எங்கே போகிறது? திறந்த வெளியைத் திட்டமிட்டவன் தண்ணீருக்கு வழி வைக்காமல் இருக்க மாட்டான்.

கோயிலுக்குள் கூரை இருந்தால், பலி கொடுக்கும் புகை எங்கே போகும்?

பலி உள்ளே நடக்கவில்லை. பலிபீடம் வெளியே, பெரும்பாலும் கோயிலுக்குக் கிழக்கே, வாசலுக்கு எதிரில் இருந்தது. கோயில் என்பது சிலையும் காணிக்கைகளும் இருந்த வீடு. மக்கள் கூடியது வெளியே, வானத்தின் கீழ்.

பலிபீடத்தையே பெரிய கட்டடமாக்கியதும் உண்டு. ரோமில் பேரரசர் அகஸ்டஸுக்காக கி.மு. 13-ல் முடிவெடுத்து கி.மு. 9-ல் அர்ப்பணித்த ஆரா பாசிஸ் சுமார் 11.6 மீட்டருக்கு 10.6 மீட்டர் அளவுள்ள பளிங்கு மதில். நடுவில் பீடம், மேலே கூரை கிடையாது. மதிலின் உட்பக்கத்தைக் கிட்டப்போய்ப் பார்த்தால் கீழ்ப்பாதியில் செங்குத்துப் பலகைகள் போலச் செதுக்கியிருப்பது தெரியும். தற்காலிகச் சடங்குக்கு அடித்த மரவேலியைக் கல்லில் அப்படியே வடித்திருக்கிறார்கள். மேற்பாதியில் எருதின் மண்டையோடுகளும் அவற்றிடையே தொங்கும் மாலைகளும். மதிலின் அடியில் நீர் வெளியேறும் துளைகள் உண்டு: மழைநீரும், பலிக்குப் பின் கழுவிவிட்ட நீரும் அதன் வழியாகப் போயின.

ரோமானிய வீட்டு நடுவில் கூரையில் ஓட்டை வைத்தார்களாமே, மழை பெய்தால் வீடு முழுக்க நனையாதா?

நனையாது, கூரைச் சரிவு சரியாக இருந்தால். முன்கூடமான ஏட்ரியத்தில் நான்கு பக்கக் கூரையும் உள்நோக்கிச் சரியும். நடுவில் செவ்வகத் திறப்பு. அதற்குக் காம்ப்ளூவியம் என்று பெயர். அதற்கு நேர் கீழே தரையில் ஆழமில்லாத தொட்டி, இம்ப்ளூவியம். முற்றம் வைத்த வீட்டில் வளர்ந்தவர்களுக்கு இதற்குமேல் விளக்கம் தேவையில்லை. ஓட்டின் விளிம்பில் சுட்ட மண்ணில் செய்த சிங்கத் தலை, நாய்த் தலை வடிவ நீர்த்தாரைகள் இருக்கும். நீர் சுவரோரம் வழியாமல் தொட்டிக்குள் தள்ளி விழ அவை உதவும். தொட்டி திறப்பைவிடச் சிறிதாக இருக்கக் கூடாது. இல்லாவிட்டால் தெறிக்கும் நீர் தரையைக் கெடுக்கும்.

எளிய வகையான டஸ்கன் ஏட்ரியத்தில் தூணே கிடையாது. கூடத்தின் குறுக்கே இரண்டு நீண்ட உத்தரம், அவற்றுக்கிடையே இரண்டு குட்டை உத்தரம், நடுவில் உருவாகும் சதுரம்தான் திறப்பு. கூரையின் மொத்த எடையும் அந்த இரண்டு நீண்ட உத்தரங்களில் இறங்கும் என்பதால் அகலமான கூடத்துக்கு இது ஒத்து வராது. அப்போது திறப்பின் நான்கு மூலையிலும் தூண் நிறுத்துவார்கள். இத்தாலியில் எரிமலைச் சாம்பலில் புதைந்த பாம்பே நகரில் ‘வெள்ளிவிழா வீடு’ என்று அழைக்கப்படும் வீட்டின் ஏட்ரியம் இந்த வகைக்குச் சிறந்த எடுத்துக்காட்டு. (வெள்ளிவிழா 1893-ல் இத்தாலிய அரச தம்பதியினர் கொண்டாடியது, வீட்டுக்காரருடையது அல்ல.) இன்னும் அதிகத் தூண்கள் வைத்தால் கொரிந்தியன் வகை. ஒழுகும் இடம் எந்த வகையிலும் ஒன்றே: இரண்டு சரிவுகள் சேரும் மூலைப் பள்ளம். நீர் முழுக்க அங்கே குவியும். அதனால் அந்த இடத்துக்கென்று தனி வடிவில் அகலமான ஓடுகள் வார்த்தார்கள்.

கூரையை வெளிப்பக்கமாகச் சரித்துவிட்டு நடுவில் மட்டும் திறந்து விட்டிருக்கலாமே?

அதுவும் செய்தார்கள். கி.மு. முதல் நூற்றாண்டின் இறுதியில் எழுதிய கட்டடக் கலைஞர் விட்ருவியஸ் ஐந்து வகைகளைச் சொல்கிறார். அதில் நான்காவது இதுதான். திறப்பின் விளிம்பு உயரமாக இருப்பதால் சுற்றியுள்ள அறைகளுக்குக் குளிர்காலத்தில் வெளிச்சம் தடைபடாது என்பது நன்மை.

தீமையையும் அவரே சொல்லிவிடுகிறார். நீர் சுவரோரம் வைத்த குழாய்களில் சேர வேண்டும். பெருமழையில் குழாய்கள் தாங்காமல் வழிந்து, மரவேலையையும் சுவரையும் அரித்துவிடும். பழுதுபார்க்கும் தொல்லை ஓயாது. ஐந்தாவது வகையில் திறப்பே கிடையாது, முழுக்க மூடிய கூரை. அகலம் குறைந்த, மேல்மாடி வேண்டிய இடங்களுக்கு அது.

திறப்பின் அளவுக்குக் கணக்கு ஏதாவது உண்டா?

உண்டு. விட்ருவியஸின் விதி: திறப்பின் அகலம் ஏட்ரியத்தின் அகலத்தில் கால் பங்குக்குக் குறையக் கூடாது, மூன்றில் ஒரு பங்கைத் தாண்டக் கூடாது, நீளம் அதே விகிதத்தில். ஏட்ரியத்தின் நீள அகலம் 5:3, 3:2, அல்லது அகலத்தில் ஒரு சதுரம் வரைந்து அதன் மூலைவிட்டத்தை நீளமாக எடுப்பது என மூன்று முறைகள். தரையிலிருந்து உத்தரத்தின் அடி வரை உயரம், நீளத்தில் முக்கால்.

30 அடி நீளம், 20 அடி அகலமுள்ள கூடம் என்று வைத்துக்கொள்ளுங்கள். திறப்பின் அகலம் 5 அடி முதல் 6⅔ அடி வரை; நீளம் 7½ முதல் 10 அடி வரை; உயரம் 22½ அடி. ரோமானிய அடி சுமார் 29.6 சென்டிமீட்டர் என்பதால் திறப்பு ஏறத்தாழ ஒன்றரை முதல் இரண்டு மீட்டர் அகலம்தான். பலர் கற்பனை செய்வதைவிடச் சிறியது. பாம்பேயில் இந்த விதியை அச்சடித்தாற்போல் எல்லா வீட்டிலும் பார்க்க முடியாது. வழிகாட்டி அளவாக எடுத்துக்கொள்ளுங்கள்.

இம்ப்ளூவியத்தில் சேர்ந்த தண்ணீரைக் குடித்தார்களா?

தொட்டியிலிருந்து நேராக எடுத்துக் குடிக்கவில்லை. தொட்டியின் அடியில் பொதுவாக இரண்டு வழிகள்: ஒன்று தரைக்கடியில் உள்ள சேமிப்புத் தொட்டிக்கு, மற்றொன்று தெருவுக்கு. வேண்டாத நீரும் மிஞ்சிய நீரும் தெருப்பக்கம் போகும். நிலத்தடித் தொட்டியிலிருந்து நீர் இறைக்க, தொட்டியருகே கிணற்று வாய் போன்ற உருளை வடிவக் கல் வைத்திருப்பார்கள். அதன் உள்விளிம்பில் கயிறு உராய்ந்த பள்ளங்களை இன்றும் விரலால் தடவிப் பார்க்கலாம். 100 சதுர மீட்டர் கூரையில் 10 மில்லிமீட்டர் மழை பெய்தால் 1,000 லிட்டர். ஒரு நல்ல மழைக்கு அது சிறிய சேமிப்பு அல்ல.

நிலத்தடித் தொட்டி கட்ட விட்ருவியஸ் கலவைக் கணக்கே தருகிறார்: சுத்தமான சொரசொரப்பான மணல் 5 பங்கு, வீரியமுள்ள சுண்ணாம்பு 2 பங்கு, ஒரு ரோமானிய ராத்தலுக்கு, அதாவது சுமார் 330 கிராமுக்கு மிகாத கல் துண்டுகள். இதைக் குழியில் போட்டு, இரும்புப் பூண் கட்டிய மரத்தால் இடித்து இறுக்க வேண்டும். இரண்டு மூன்று தொட்டிகளாகப் பிரித்து ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு நீர் போகவிட்டால் வண்டல் தங்கித் தெளியும். ஒரே தொட்டியானால் உப்புப் போட வேண்டியிருக்கும் என்கிறார். அகஸ்டஸ் காலத்தில் குழாய் நீர் வந்த பிறகு பாம்பேயின் வசதியான வீடுகளில் இம்ப்ளூவியம் பாதி அலங்காரமாகிவிட்டது. நடுவில் நீரூற்று வைத்தார்கள்.

ஏட்ரியம், பெரிஸ்டைல் இரண்டும் ஒன்றுதானே?

இல்லை. ஏட்ரியம் கூரையுள்ள கூடம், நடுவில் ஒரு திறப்பு. பெரிஸ்டைல் திறந்த தோட்டம், சுற்றிலும் தூண் தாங்கும் தாழ்வாரம். முதலாவது இத்தாலிய மரபு. இரண்டாவது கிரேக்கத்திலிருந்து வந்தது. பாம்பேயின் ‘ஃபான் வீடு’ ஒரு தெருத்தொகுதி முழுவதையும் பிடித்து, சுமார் 3,000 சதுர மீட்டரில் இரண்டு ஏட்ரியமும் இரண்டு பெரிஸ்டைலும் வைத்திருந்தது. வந்தவர்களை ஏட்ரியத்தில் சந்தித்து, நெருங்கியவர்களைப் பெரிஸ்டைலுக்கு அழைத்துப் போனார்கள்.

பெரிஸ்டைலுக்கும் விட்ருவியஸ் அளவு தருகிறார். வீட்டுக்குக் குறுக்காக அமைத்து, ஆழத்தைவிட நீளம் மூன்றில் ஒரு பங்கு கூடுதல். தூணின் உயரம் தாழ்வாரத்தின் அகலம். தூண்களுக்கிடையே தூண் தடிமனைப் போல மூன்று முதல் நான்கு மடங்கு இடைவெளி. தூண் உயரத்தைத் தாழ்வார அகலத்தோடு கட்டிப்போட்டது வெறும் அழகுக்காக என்று நாங்கள் நினைக்கவில்லை. தூண் உயர்ந்து தாழ்வாரம் குறுகினால் சாய்மழை உள்சுவர் வரை வந்துவிடும்.

நடுவில் திறந்து விட்டால் குளிர்காலத்தில் எப்படி இருந்தார்கள்?

கிரேக்கர்கள் முற்றத்தை வைத்த விதத்திலேயே பதில் இருக்கிறது. கி.மு. 348-ல் மாசிடோனிய மன்னர் இரண்டாம் பிலிப் அழித்த ஒலிந்தஸ் நகரின் வீடுகளில் முற்றம் தெற்கே, முக்கிய அறைகள் வடக்கே, இடையில் தெற்கு நோக்கிய தாழ்வாரம். சாக்ரடீஸ் இதன் காரணத்தைச் சொன்னதாக அவருடைய சீடர் செனபோன் எழுதியிருக்கிறார்: குளிர்காலச் சூரியன் தாழ்வாக வருவதால் தாழ்வாரத்துக்குள் வெயில் நுழையும், கோடையில் தலைக்கு மேல் போவதால் நிழல் கிடைக்கும். வடபுறத்தைத் தாழ்வாகக் கட்டினால் குளிர்காற்று அடிக்காது என்பதும் அதே இடத்தில் வருகிறது.

ரோமானியர்கள் திரைச்சீலை, மடக்குக் கதவு, கரி அடுப்பு ஆகியவற்றைக்கொண்டு சமாளித்தார்கள். கோடைக்கும் குளிருக்கும் தனித்தனிச் சாப்பாட்டு அறை வைத்தவர்களும் உண்டு. பாம்பேக்கு அருகே ஹெர்குலேனியம் நகரில் ‘நெப்டியூன், ஆம்ஃபிட்ரைட் வீட்டின்’ கோடை உணவு முற்றம் கண்ணாடி மொசைக்கோடு இன்றும் பளபளக்கிறது.

அரங்குகள் எல்லாம் திறந்தவெளிதானே, வெயிலில் எப்படி உட்கார்ந்தார்கள்?

கிரேக்கர்கள் வெயிலைப் பொறுத்துக்கொண்டார்கள். விட்ருவியஸ், அரங்கு தெற்கு நோக்கி இருக்கக் கூடாது என்கிறார்: வளைவுக்குள் அடைபட்ட காற்று சுழன்று சூடேறி உடம்பை வற்றவைக்கும் என்பது அவர் வாதம். ரோமானியர்கள் துணிப்பந்தல் போட்டார்கள். கொலோசியத்தின் மேல்விளிம்பில் பாய்மரக் கம்பங்களைத் தாங்க 240 கல் தாங்கிகள் இருந்தன. துணியை இழுத்துக் கட்டக் கடற்படை மாலுமிகளை அமர்த்தினார்கள். பாம்பேய்ச் சுவர்களில் எழுதிய விளம்பரங்களில் ‘பந்தல் உண்டு’ என்று தனியாகக் குறிப்பிடுவார்கள். மஞ்சள், சிவப்புத் துணி ஊடாக வந்த வெளிச்சம் கீழே இருந்தவர்கள்மீது அதே நிறத்தில் அசைந்ததைக் கவிஞர் லுக்ரீஷியஸ் பதிவு செய்திருக்கிறார்.

முழுக் கூரை போட்ட சிறிய அரங்குகளும் இருந்தன. ஏதென்ஸ் அகோராவில் ரோமானியத் தளபதி அக்ரிப்பா கட்டிய ஓடியன் என்ற இசையரங்கின் கூரை இடையில் தூணே இல்லாமல் சுமார் 25 மீட்டர் தாண்டியது. கி.பி. 150 வாக்கில் அது இடிந்து விழுந்தது. மறுபடி கட்டியவர்கள் அரங்கைப் பாதியாக்கிவிட்டார்கள். இந்த 25 மீட்டரை நினைவில் வையுங்கள்.

ரோமில் பாந்தியன் கோயிலின் குவிமாட ஓட்டை வழியாக மழை விழாதாமே, சூடான காற்று தடுத்துவிடுமாமே?

நன்றாகவே விழும். காற்று மழையைத் தடுக்கிறது என்பது சுற்றுலா வழிகாட்டிகளின் கதை. உள்ளே விழும் மழைக்காகத் தரை நடுவில் லேசாக மேடாகவும் ஓரத்தை நோக்கிச் சரிவாகவும் இருக்கிறது. நடுப்பகுதியில் சிறு வடிகால் துளைகள் உண்டு. தண்ணீருக்கு வழி வைத்ததே அது திட்டமிட்ட திறப்பு என்பதற்குச் சான்று.

குவிமாடத்தின் விட்டம் 43.3 மீட்டர், திறப்பின் விட்டம் சுமார் 9 மீட்டர். பரப்பளவில் கணக்கிட்டால் தரையில் 20-ல் ஒரு பங்குகூடத் திறந்திருக்கவில்லை. ஓட்டையால் குவிமாடம் பலவீனமாகிவிட்டது என்று நினைப்பதும் தவறு. உச்சியில் எடையைக் குறைப்பதோடு, விளிம்பு ஓர் அழுத்த வளையமாக நின்று நாலாபக்கத்திலிருந்தும் சாயும் கான்கிரீட்டை ஒன்றோடொன்று முட்டுக்கொடுக்க வைக்கிறது. மேலே போகப்போகக் கான்கிரீட்டில் எடை குறைந்த எரிமலைக் கல்லைக் கலந்ததும், தடிமனை 6 மீட்டரிலிருந்து ஒன்றரை மீட்டருக்கும் கீழே குறைத்ததும் இதே கணக்குத்தான்.

ஹைபெத்ரல் கோயில் என்கிறார்களே, அது என்ன? பாந்தியனும் அதில் சேருமா?

பாந்தியன் சேராது. ஹைபெத்ரல் என்று விட்ருவியஸ் வகைப்படுத்தியது வேறு: முன்னும் பின்னும் பத்துப் பத்துத் தூண், சுற்றிலும் இரட்டைத் தூண்வரிசை, உள்ளே சுவரைவிட்டு விலகி இரண்டு அடுக்குத் தூண்கள், நடுப்பகுதி முழுக்க வானத்துக்குத் திறப்பு, இரு முனையிலும் வாசல். இன்னோர் இடத்தில், மின்னல் எறியும் ஜூபிட்டர், வானம், சூரியன், சந்திரன் ஆகியோருக்குத் திறந்தவெளியில் கட்ட வேண்டும் என்கிறார். அவர்களை நாம் காண்பதே வெட்டவெளியில்தான் என்பது காரணம்.

இதில் ஒரு சிக்கல் இருக்கிறது. ரோமில் இதற்கு எடுத்துக்காட்டு இல்லை என்று சொல்லிவிட்டு அவர் கிரேக்கர்களின் தலைமைக் கடவுளான சூஸுக்கு ஏதென்ஸில் எழுந்த ஒலிம்பிய சூஸ் கோயிலைக் காட்டுகிறார். அந்தக் கோயிலின் முகப்பில் எட்டுத் தூண்கள்தான், பத்து அல்ல. அதோடு அவர் எழுதிய காலத்தில் அது கட்டி முடிக்கப்படவே இல்லை. கி.மு. ஆறாம் நூற்றாண்டில் தொடங்கி, கி.மு. 174-ல் சிரியாவை ஆண்ட மன்னர் நான்காம் அந்தியோகஸ் செலவில் கொசூடியஸ் என்ற ரோமானியர் மறுபடி எடுத்து, மன்னர் இறந்ததும் நின்றுபோய், கடைசியில் கி.பி. 131–132 வாக்கில் ரோமானியப் பேரரசர் ஹேட்ரியன் முடித்தார். கூரை இன்னும் ஏறாத கட்டடத்தை வைத்து விட்ருவியஸ் ஒரு வகையையே வகுத்துவிட்டார் என்ற சந்தேகம் நியாயமானது. எங்கள் கருத்தும் அதுதான்.

அப்போது உண்மையிலேயே நடுவில் திறந்த பெரிய கோயில் ஒன்றுமே இல்லையா?

இருக்கிறது: இன்றைய துருக்கியில், மிலேட்டஸ் நகருக்குத் தெற்கே டிடிமாவில் உள்ள அப்போலோ கோயில். பழைய கோயிலைப் பாரசீகர்கள் எரித்த பிறகு கி.மு. நான்காம் நூற்றாண்டின் பிற்பகுதியில் தொடங்கிய கட்டடம் இது. பையோனியஸ், டாஃப்னிஸ் இருவரும் கட்டடக் கலைஞர்கள். அடித்தளம் ஏறத்தாழ 51 மீட்டருக்கு 109 மீட்டர், தூண் உயரம் 19.7 மீட்டர், முகப்பில் பத்துத் தூண், பக்கத்தில் 21.

முகமண்டபத்தில் தூண் காட்டுக்குள் நடந்து போனால் எதிரே பிரம்மாண்டமான வாசல். ஆனால் வாசற்படி மட்டுமே சுமார் ஒன்றரை மீட்டர் உயரம். ஏறி உள்ளே போக முடியாது. போகும் வழி அதன் இரண்டு பக்கங்களிலும்: வளைகூரை போட்ட இரண்டு குறுகிய பளிங்குச் சுரங்கங்கள், இருட்டில் கீழ்நோக்கிச் சரியும். மறுமுனையில் வெளிவந்தால் தலைக்குமேல் வானம். சுமார் 21 மீட்டர் அகலம், 53 மீட்டர் நீளம், சுற்றிலும் உயர்ந்த சுவர். கோயிலின் நடுப்பகுதி முழுவதும் ஒரு முற்றம். மறுகோடியில் அப்போலோ சிலைக்கென்று தனியாக ஒரு குட்டிக் கோயில். திரும்பிப் பார்த்தால் 24 படிகள் மேலேறி மூன்று வாசல்களுக்குப் போகின்றன. உள்ளேயும் வெளியேயும் புனிதத் தோப்பு இருந்ததாகப் பழங்காலப் புவியியலாளர் ஸ்ட்ராபோ எழுதுகிறார். உள்ளே மரம் வளர்ந்திருந்தால் கல் பாவிய மூடிய தரையாக இருந்திருக்க முடியாது.

1979-ல் ஆய்வாளர் லோதர் ஹாசல்பெர்கர் இந்த முற்றத்துச் சுவர்களில் மெல்லிய கீறல்களைக் கண்டார். அவை கட்டடத்தின் வரைபடங்கள். பெரும்பாலும் உண்மை அளவிலேயே கீறப்பட்டவை. ஒரு தூணின் வரைபடத்தில் அகலம் உண்மை அளவு, உயரம் மட்டும் பதினாறில் ஒன்று: ஓர் அடிக்கு ஒரு விரல். உயரத்தைச் சுருக்கியதால் தூணின் மெல்லிய புடைப்பை ஒரே வளைவாக வரைந்து, ஒவ்வோர் அடியிலும் தடிமனை அளந்தெடுக்க முடிந்தது. சுவரை இறுதியாக மெருகேற்றியிருந்தால் இவை அத்தனையும் அழிந்திருக்கும். கோயில் முடியாமல் போனது நமக்கு லாபம்.

டிடிமாவும் கூரை போட முடியாமல் விட்டதுதானே? ஸ்ட்ராபோ அப்படித்தானே சொல்கிறார்?

ஆம், மிகப் பெரிதாக இருந்ததால் கூரை இல்லாமலே நின்றுவிட்டது என்பது ஸ்ட்ராபோவின் கூற்று. ஆனால் கட்டடம் வேறு கதை சொல்கிறது. 21 மீட்டர் அகலத்தைத் தாண்ட, உள்ளே தூண்வரிசை வேண்டும். பார்த்தெனானில்கூட சுமார் 19 மீட்டர் அகலமுள்ள உள்ளறைக்கு இரண்டு அடுக்குத் தூண்கள் வைத்தார்கள். டிடிமா முற்றத்தில் அப்படித் தூண்களுக்கு இடமே விடவில்லை. சில நூற்றாண்டுகள் கழித்து 25 மீட்டரைத் தூணில்லாமல் தாண்டிய ஓடியனுக்கு என்ன ஆனது என்று மேலே பார்த்தோம்.

அதோடு, கூரை போடுவதாக இருந்தால் முற்றத்துக்குள் தனியாக ஒரு குட்டிக் கோயில் எதற்கு? சிலைக்குக் கூரை அங்கே இருக்கிறது. ஆகவே முற்றம் திட்டமிட்டே திறந்தது. வெளித் தூண்வரிசைகள் மட்டும் பணமும் காலமும் போதாமல் முடியாமல் நின்றன. மூன்று வகையில் இரண்டு ஒரே கட்டடத்தில்.

ஒலிம்பியாவில் சூஸ் சிலைக்கு முன்னால் இடி விழுந்ததாமே, அந்தக் கோயிலும் திறந்ததுதானே?

இந்த வாதம் பழையது. சிலையை முடித்த சிற்பி ஃபிடியாஸ், தன் வேலை பிடித்ததா என்று அடையாளம் கேட்க, சூஸ் தரையில் மின்னலை இறக்கினார். அந்த இடத்தில் வெண்கலக் குடம் வைத்திருக்கிறது என்கிறார் பழங்காலப் பயண எழுத்தாளர் பவுசானியஸ். கூரையில் திறப்பு இல்லாமல் மின்னல் எப்படி உள்ளே வரும் என்று கேட்டார்கள்.

ஆனால் அதே பவுசானியஸ், கோயிலின் ஓடுகள் மண்ணால் ஆனவை அல்ல, ஓடு வடிவில் வெட்டிய பளிங்கு என்றும் எழுதுகிறார். உட்கார்ந்திருக்கும் சிலை எழுந்து நின்றால் கூரையைப் பெயர்த்துவிடும் என்கிறார் ஸ்ட்ராபோ. தந்தமும் பொன்னும் மரச்சட்டத்தில் பொருத்திய, சுமார் 12 மீட்டர் உயரச் சிலை அது. ஈரத்தால் தந்தம் கெடாமலிருக்க முன்னால் கறுப்புக் கல் தரையில் எண்ணெய் தேக்கி வைத்தவர்கள் அதை மழையில் விட்டிருப்பார்களா? அற்புதக் கதையைக் கட்டட ஆதாரமாக எடுத்ததால் வந்த வினை. உள்ளே வெளிச்சம் எப்படி வந்தது என்ற தகராறு 19-ஆம் நூற்றாண்டு முழுக்க நடந்தது. இந்தியக் கட்டடக்கலையை ஆராய்ந்த அதே ஜேம்ஸ் பெர்குசனும் அதில் இறங்கினார். பார்த்தெனானைப் பொறுத்தவரை கிழக்குச் சுவரில் இரண்டு ஜன்னல்கள் இருந்ததற்குக் கட்டடக் கலைஞர் மனோலிஸ் கொர்ரெஸ் ஆதாரம் கண்டார்.

கூரையில் சின்ன ஓட்டை மட்டும் வைத்த கோயில்கள் உண்டா?

உண்டு. அவற்றுக்கு வெளிச்சம் காரணம் அல்ல, சடங்கு. ரோமில் எல்லைக் கடவுளான டெர்மினஸின் கல் ஜூபிட்டர் கோயிலுக்குள் இருந்தது. அதன்மேல் நட்சத்திரங்களைத் தவிர வேறெதுவும் தெரியக் கூடாது என்று கூரையில் சிறு துளை விட்டதாக ரோமானியக் கவிஞர் ஓவிட் சொல்கிறார். சத்தியத்தைக் காக்கும் டியஸ் ஃபிடியஸ் கோயிலின் கூரையிலும் துளை இருந்ததை ரோமானிய அறிஞர் வர்ரோ குறிப்பிடுகிறார். ஏதென்ஸில் எரெக்தியன் கோயிலின் வடக்கு முகமண்டபத்தில் கூரையிலும் தரையிலும் நேருக்கு நேர் திறப்பு விட்டிருக்கிறார்கள். தெய்வத்தின் அடி விழுந்த இடத்தை மூடவில்லை. இடி விழுந்த இடத்தை வேலியிட்டு, கூரை போடாமல் விடுவது ரோமானிய வழக்கமும்கூட.

செகெஸ்டா கோயில்? உள்ளறையே இல்லை, திறந்தவெளித் தூண்மண்டபமாகவே கட்டினார்கள் என்று படித்தேனே?

சிசிலியின் செகெஸ்டாவில் 36 தூண்கள் முழுசாக நிற்கின்றன, உள்ளே ஒன்றுமில்லை. பார்த்தால் அப்படித்தான் தோன்றும். ஆனால் படிக்கற்களில் கயிறு கட்டித் தூக்கப் பயன்பட்ட புடைப்புகள் இன்னும் வெட்டப்படாமல் துருத்திக்கொண்டிருக்கின்றன. தூண்களில் நெடுங்கோட்டுப் பள்ளம் செதுக்கவில்லை. இரண்டும் கடைசியில் செய்யும் வேலைகள். கூடவே இரு முனையிலும் முக்கோணச் சுவர் எழும்பியிருக்கிறது. முதல் பதிலில் சொன்னதுபோல, கூரை வேண்டாம் என்றால் அது எதற்கு? வேலை பாதியில் நின்ற கோயில் என்பதே எங்கள் முடிவு.

அதே சிசிலியில் அக்ரிகெந்தோவின் ஒலிம்பிய சூஸ் கோயிலும் பாதியில் நின்றதுதான். கூரை ஏற்றும் நேரத்தில் கார்த்தேஜ் போர் வந்தது, பிறகு அந்த ஊரால் முடிக்க இயலவில்லை என்று பழங்கால வரலாற்றாசிரியர் டியோடோரஸ் எழுதிவைத்திருக்கிறார்.

நேரில் போய்ப் பார்க்கும்போது, கூரை இருந்ததா இல்லையா என்று நானே எப்படிக் கண்டுபிடிப்பது?

முதலில் தரை. சரிவு, வடிகால், கல்லில் வெட்டிய ஓடை இருந்தால் திறந்தவெளி என்று சந்தேகிக்கலாம். பிறகு சுவரின் மேல்விளிம்பு: சட்டம் உட்கார வெட்டிய குழிகள், சாய்வான வெட்டுகள் கூரையின் அடையாளம். அடுத்து அகலத்தை நடந்து அளந்து பாருங்கள். 12 மீட்டருக்கு மேல் இருந்து உள்ளே தூணின் சுவடு இல்லையென்றால் கிரேக்கக் கட்டடத்தில் கூரை சந்தேகமே. சுவர்ப் பூச்சும் பேசும்: மண்ணோட்டுத் தூள் கலந்த நீர்புகாச் சுண்ணாம்பு நனையும் இடத்துக்கு, மெல்லிய வண்ண ஓவியம் பெரும்பாலும் நனையாத இடத்துக்கு.

உடைந்த ஓடு கிடைக்கவில்லை என்பதை மட்டும் ஆதாரமாக எடுக்காதீர்கள். ஓடுகளையும் பளிங்கையும் பிற்காலத்தவர் வாரிக்கொண்டு போய்விட்டார்கள். பளிங்கு பல இடங்களில் சுண்ணாம்புக் காளவாய்க்குப் போனது. பாம்பேயில் இன்னொரு பொறி: நீங்கள் அண்ணாந்து பார்க்கும் கூரைகளில் பெரும்பாலானவை நவீனகாலத்தில் போட்டவை. திறப்பின் அளவு மீட்டெடுத்தவரின் முடிவாக இருக்கலாம். கீழே உள்ள தொட்டிதான் பழையது. அளவை அதிலிருந்து எடுங்கள்.

இடிபாடுகளைக் காப்பாற்ற இப்போது எல்லாவற்றுக்கும் மேலே கூரை போட்டுவிடலாமே?

சிலவற்றுக்குச் செய்திருக்கிறார்கள். என்றும் கூரை இல்லாதிருந்த ஆரா பாசிஸ் இன்று ரிச்சர்ட் மையர் வடிவமைத்து 2006-ல் திறந்த அருங்காட்சியகத்துக்குள் இருக்கிறது. கூரை இருந்து இழந்த, கிரேக்கத்தின் பாஸே அப்போலோ கோயில் 1987 முதல் ஒரு பெரிய கூடாரத்தின் அடியில் நிற்கிறது.

தவறான கூரை, கூரையில்லாததைவிட மோசம். பாம்பேயில் இரண்டாம் உலகப்போர்க் குண்டுவீச்சுக்குப் பின் பழைய சுவர்கள்மீது இரும்புக் கம்பி கான்கிரீட் கூரைகளை ஏற்றினார்கள். லேசான மரக்கூரைக்குக் கட்டிய சுவர்கள் அவை. கான்கிரீட்டில் ஈரம் இறங்கிக் கம்பி துருப்பிடித்தால் கான்கிரீட் வெடிக்கும். மேலே எடை, கீழே மழைநீரில் ஊறிய மண். ‘ஸ்கோலா அர்மதுராரம்’ என்ற கட்டடம் 2010 நவம்பரில் மழைக்குப் பிறகு அப்படித்தான் இடிந்தது. திறந்தே இருக்கும் வீடுகளில் கூரை போடுவதற்கு முன்னால் செய்ய வேண்டிய வேலை எளிமையானது: தொட்டியிலிருந்து தெருவுக்குப் போகும் பழைய வடிகாலில் அடைத்திருக்கும் மண்ணையும் சருகையும் மழைக்காலத்துக்கு முன் அள்ளிவிடுவது.